செண்டாய் சுரங்க ரயிலில் ஃபஸி தர்க்கம்: ஒரு நிகழ்வு ஆய்வு

நிகழ்வு

ஜப்பானின் வடகிழக்கில் உள்ள செண்டாய் நகரில் 1987 ஜூலை 15 அன்று நன்போக்கு சுரங்க ரயில் வழித்தடம் திறக்கப்பட்டது. அந்த ரயில்களில் வேகத்தைக் கூட்டுவதும் குறைப்பதும் நிலையத்தில் நிறுத்துவதும் ஒரு கணினியின் வேலை. ஹிட்டாச்சி நிறுவனத்தின் பொறியாளர் குழு ஒன்று ஃபஸி தர்க்கத்தின் அடிப்படையில், அதாவது ‘ஆம்’, ‘இல்லை’ என்ற இரண்டோடு நிற்காமல் ‘எவ்வளவு’ என்றும் அளக்கும் தர்க்கத்தின் அடிப்படையில், அதை உருவாக்கியிருந்தது. அதுவரை ஆய்வகங்களிலும் சில ஆலைகளிலும் மட்டும் இருந்த ஒரு முறை, முதன்முறையாக ஒரு நகரத்தின் அன்றாடப் பயணிகளைச் சுமந்தது.

ஃபஸி தர்க்கம் பற்றிய பாடநூல்களில் செண்டாய் பெரும்பாலும் ஒரே வரியில் வந்துபோகும்: ‘ரயிலை மென்மையாக நிறுத்தினார்கள், மின்சாரம் மிச்சமானது’. அந்தக் குழு என்ன கேள்வி கேட்டது, எந்த வழியை ஒதுக்கியது, ஏன் ஒதுக்கியது என்பது அந்த வரியில் இல்லை. அறிவார்ந்த அமைப்புகளை வடிவமைக்கும் ஒருவருக்கு உண்மையில் வேண்டியது அதுதான். ஆகவே இங்கே அந்த முடிவுகளையே விரிவாக எழுதுகிறேன்.

பின்னணி: நகரமும் தடமும்

செண்டாயில் டிராம் வண்டிகள் 1976இல் நிறுத்தப்பட்டன. நகரம் வளர்ந்துகொண்டிருந்தது, சாலைகள் அதற்கு ஈடுகொடுக்கவில்லை. வடக்கு தெற்காக ஒரு சுரங்க ரயில் தடம் அமைக்க முடிவாகி, 1981இல் கட்டுமானம் தொடங்கியது. திறப்பு விழாவின்போது வடக்கே யாவோதோமேயிலிருந்து தெற்கே தோமிசாவா வரை 16 நிலையங்கள், ஏறத்தாழ 13.6 கிலோமீட்டர். நான்கு பெட்டிகள் கொண்ட ரயில்கள்.

இந்தத் தடத்தின் இரண்டு இயல்புகள் நம் கதைக்கு முக்கியமானவை. நிலையங்கள் அடுத்தடுத்து வருகின்றன. சராசரியாக ஒரு கிலோமீட்டருக்கும் குறைவான இடைவெளி. ஆகவே ரயில் தன் வாழ்நாளின் பெரும்பகுதியைக் கிளம்புவதிலும் நிற்பதிலும் கழிக்கிறது. சீரான வேகத்தில் ஓடும் நேரம் குறைவு. அடுத்து, தடம் முழுவதும் நிலத்தடியில் இல்லை. யாவோதோமே நிலையம் உயர்தடத்தில் இருக்கிறது. அங்கே மழையும் பனியும் தண்டவாளத்தின் மேல் விழும். காலையில் நெரிசலோடு போகும் அதே ரயில் மதியம் பாதி காலியாக ஓடும். பிரேக் பிடிக்கும் விதம் ஒவ்வொரு முறையும் கொஞ்சம் மாறும்.

தொடக்கத்திலிருந்தே ஒரே ஊழியர் ரயிலை நடத்துவது என்றும் திட்டமிடப்பட்டது. பின்னால் கார்டு கிடையாது. கதவுகளையும் நடைமேடையையும் கவனிக்க வேண்டியவர் முன்னால் இருக்கும் ஓட்டுநர்தான். கண் நடைமேடையில் இருக்க வேண்டும் என்றால், கை பிரேக்கிலிருந்து விடுபட வேண்டும். தானியங்கி ஓட்டம் இங்கே நிர்வாகத்தின் அடிப்படைத் தேவையாகவே இருந்தது.

பின்னணி: கணிதம்

லோட்ஃபி ஸாடே 1965இல் கலிஃபோர்னியாவின் பெர்க்லி பல்கலைக்கழகத்திலிருந்து ஃபஸி கணங்கள் பற்றிய கட்டுரையை வெளியிட்டார். வழக்கமான கணக் கோட்பாட்டில் ஒரு பொருள் கணத்துக்குள் இருக்கும், அல்லது வெளியே இருக்கும். ஸாடே இதற்கு அளவு வைத்தார். மணிக்கு 60 கிலோமீட்டர் என்பது ‘அதிக வேகம்’ என்ற கணத்தில் 0.4 அளவுக்கு உறுப்பு, 70 கிலோமீட்டர் 0.8 அளவுக்கு உறுப்பு என்று சொல்ல முடியும். இதை நிகழ்தகவோடு குழப்பிக்கொள்ளக் கூடாது. வேகம் எவ்வளவு என்பதில் இங்கே ஐயமே இல்லை. ‘அதிகம்’ என்ற சொல் அதற்கு எவ்வளவு பொருந்துகிறது என்பதே அளக்கப்படுகிறது.

அமெரிக்காவில் இதற்கு எதிர்ப்பு பலமாக இருந்தது. கட்டுப்பாட்டுக் கோட்பாட்டின் பெரும் பெயர்களில் ஒருவரான ருடால்ஃப் கால்மன் 1972இல் ஒரு மாநாட்டிலேயே இதை வெளிப்படையாகக் கண்டித்தார். ஸாடே அடுத்த ஆண்டு, ‘இப்படி இருந்தால் அப்படிச் செய்’ என்ற வடிவிலான மொழி விதிகளைக் கணிதத்துக்குள் கொண்டுவரும் வழியை எழுதினார். அதைப் படித்த இப்ராஹிம் மம்தானி, லண்டன் குயின் மேரி கல்லூரியில் தம் மாணவருடன் சேர்ந்து ஒரு சிறிய ஆய்வக நீராவி இயந்திரத்தைச் சுமார் இரண்டு டஜன் விதிகளால் கட்டுப்படுத்திக் காட்டினார். கொதிகலனின் அழுத்தம், இயந்திரத்தின் வேகம் இரண்டையும் விதிகளே கவனித்துக்கொண்டன. 1970களின் இறுதியில் டென்மார்க்கில் சிமெண்ட் சூளைகளுக்கு இம்முறை வந்தது. அங்கே நிலைமை இதற்கு மிகவும் தோதானது: சூளைக்குள் நடப்பதற்குச் சரியான சமன்பாடு யாரிடமும் இல்லை, ஆனால் அனுபவமுள்ள சூளைக்காரர் அதைச் சரியாக ஓட்டுவார்.

ரயில் அப்படிப்பட்டதன்று. ஒரு ரயிலின் இயக்கத்தை நியூட்டனின் விதிகளால் எழுதிவிடலாம். சமன்பாடு தெரியாதபோதுதான் ஃபஸி தர்க்கம் என்ற பொதுக் கருத்துக்குச் செண்டாய் பொருந்தவில்லை. அந்தக் குழு எடுத்த முதல் நல்ல முடிவு இந்த இடத்திலிருந்துதான் பிறந்தது. அதைக் கீழே சொல்கிறேன்.

வழக்கமான முறையில் கண்ட குறை

அந்தக் காலத்துத் தானியங்கி ரயில் ஓட்டம் ஓர் இலக்கு வேகக் கோட்டைப் பின்பற்றியது. இந்த இடத்தில் இவ்வளவு வேகம் என்று முன்கூட்டியே ஒரு வளைகோடு வரையப்பட்டிருக்கும். நிலையத்தை நெருங்கும்போது அது சரிந்து, நிறுத்தக் குறியில் சுழியத்தைத் தொடும். கணினி உண்மையான வேகத்தை அந்தக் கோட்டோடு ஒப்பிடும். வித்தியாசம் எவ்வளவு, அது எவ்வளவு காலமாகச் சேர்ந்திருக்கிறது, எவ்வளவு விரைவாக மாறுகிறது என்ற மூன்றையும் எடைபோட்டு ஆணை பிறப்பிக்கும். பொறியாளர்கள் பி.ஐ.டி. என்று சுருக்கிச் சொல்லும் முறை இது. இன்றும் உலகின் ஆலைகளில் மிக அதிகமாக ஓடுவது இதுதான். அதைக் குறைசொல்ல எதுவும் இல்லை.

ரயிலில் இது தடுமாறியதற்குக் காரணம் நாட்ச். ரயிலின் வேகக் கைப்பிடியும் பிரேக்கும் தண்ணீர்க் குழாய்போல் இடைவிடாமல் திறப்பவை அல்ல, படிப்படியாக நகர்பவை. ஒவ்வொரு படியும் ஒரு நாட்ச். கோட்டிலிருந்து ரயில் சற்றே விலகினால் கணினி ஒரு நாட்ச் கூட்டும். அது தேவைக்குச் சற்று அதிகமாகப் போகும், உடனே ஒரு நாட்ச் குறைக்கும். பிரேக் ஆணை பிறப்பித்ததும் சக்கரத்தில் உடனே விசை வந்துவிடுவதில்லை. அந்தத் தாமதம் ஊசலாட்டத்தை இன்னும் பெருக்கும். நின்றுகொண்டு பயணிப்பவர் இதை முன்னும் பின்னுமான சிறு சிறு குலுக்கல்களாக உணர்வார்.

கருவியின் பார்வையில் எல்லாம் சரியாகவே நடந்துகொண்டிருந்தது. கோட்டிலிருந்து விலகல் குறைவு. அதைத்தான் கேட்டார்கள், அதைத்தான் அது செய்தது. ஆனால் கோட்டைப் பின்பற்றுவது ரயில் ஓட்டுவதன் நோக்கம் அன்று. பயணி விழாமல் இருக்க வேண்டும், மின்சாரம் வீணாகக் கூடாது, நேரத்துக்குப் போய்ச் சேர வேண்டும், கதவுகள் நடைமேடைக் குறிக்கு நேராக நிற்க வேண்டும். இவற்றில் எதுவும் அந்த வித்தியாசக் கணக்குக்குள் இல்லை.

ஓட்டுநர்களிடம் கவனித்தது

1970களின் இறுதியில் வேலையைத் தொடங்கிய குழு, கைதேர்ந்த ஓட்டுநர்கள் எப்படி ஓட்டுகிறார்கள் என்பதை ஆதாரமாக எடுத்துக்கொண்டது. அவர்களின் ஓட்டத்திலிருந்து தொகுக்கப்பட்டவை வெளியான கட்டுரைகளில் விதிகளாகவே இருக்கின்றன. அவற்றைத் தமிழில் சொன்னால் ஏறத்தாழ இப்படி வரும்:

வேகம் வரம்பைத் தாண்டினால், பாதுகாப்புக்காக மிகக் கடுமையான பிரேக்.

மின்சாரத்தை நிறுத்திவிட்டு உருளவிட்டாலும் நேரத்துக்குப் போய்ச்சேர முடியும் என்றால், உருளவிடு.

வேகம் ஏற்கத்தக்க எல்லைக்குள் இருந்தால், பயணியின் சௌகரியத்துக்காக நாட்சை மாற்றாதே.

நிறுத்தப் பகுதிக்குள் வந்துவிட்டால், முடுக்கத்திலிருந்து முதலில் இலேசான பிரேக்குக்கு வா.

இப்போதுள்ள நாட்சிலேயே ரயில் ஏற்கத்தக்க எல்லைக்குள் நின்றுவிடும் என்றால், நாட்சை மாற்றாதே. நிற்காது என்றால், சரியாக நிற்கவைக்கும் அளவுக்கு ஓரிரு நாட்ச் மாற்று.

இந்தப் பட்டியலில் இரண்டு விஷயங்கள் என்னைக் கவர்ந்தன. ‘மாற்றாதே’ என்பது இரண்டு இடங்களில், அதுவும் ஒரு தனி முடிவாக வருகிறது. நல்ல ஓட்டுநருக்குச் சும்மா இருப்பதும் ஒரு செயல். பி.ஐ.டி. முறையில் இதற்கு இடமே இல்லை. வித்தியாசம் துல்லியமாகச் சுழியம் ஆனால் ஒழிய அது எதையாவது செய்துகொண்டேதான் இருக்கும்.

மற்றொன்று, வினைச்சொற்களின் காலம். ‘நின்றுவிடும் என்றால்’, ‘போய்ச்சேர முடியும் என்றால்’. ஓட்டுநர் இப்போதைய வேகத்தை மட்டும் பார்த்து முடிவெடுப்பதில்லை. இந்த நாட்சிலேயே விட்டால் எங்கே போய் நிற்போம் என்று மனத்துக்குள் ஓட்டிப்பார்க்கிறார். பிடிக்கவில்லையென்றால் ஒரு நாட்ச் கூட்டினால் எங்கே நிற்போம் என்று பார்க்கிறார். அவருடைய திறமை அந்த முன்னோட்டத்தில் இருக்கிறது.

எடுத்த முடிவுகளும் காரணங்களும்

மம்தானியின் நீராவி இயந்திரத்தில் விதிகள் நிலையைப் பார்த்தன: அழுத்தம் குறைவு, இன்னும் குறைந்துகொண்டே போகிறது, ஆகவே வெப்பத்தை நன்றாகக் கூட்டு. அதே அச்சை ரயிலுக்கு எடுத்துக்கொண்டிருக்கலாம். எளிது, ஏற்கெனவே பெயரும் பெற்றது. செண்டாய்க் குழு அதை எடுக்கவில்லை. விதியின் வடிவத்தையே மாற்றினார்கள்: ‘இந்த நாட்சைக் கொடுத்தால், சௌகரியம் நன்றாகவும் நிறுத்தம் துல்லியமாகவும் இருக்கும் என்றால், இந்த நாட்சைக் கொடு’. ஒவ்வொரு சாத்தியமான ஆணையையும் எடுத்து, ரயிலின் இயக்கச் சமன்பாட்டால் அதன் விளைவை முன்கூட்டிக் கணித்து, அந்த விளைவு எவ்வளவு நல்லது என்று ஃபஸி அளவுகளால் மதிப்பிட்டு, அதிக மதிப்பெண் பெற்ற ஆணையைத் தேர்வுசெய்வது. முன்கணிப்பு ஃபஸி கட்டுப்பாடு என்று இதற்குப் பெயர் வைத்தார்கள். 1983இலேயே இது ஒரு பன்னாட்டு மாநாட்டில் கட்டுரையாக வந்துவிட்டது.

ரயிலின் சமன்பாடு தெரியும் என்று மேலே சொன்னேன். அந்தத் தெரிந்த அறிவை அவர்கள் வீணாக்கவில்லை. இயற்பியலுக்குத் தெரிந்ததை இயற்பியலிடம் விட்டார்கள்: இந்த நாட்சில் எத்தனை மீட்டரில் நிற்கும்? மனிதரின் மதிப்பீடு தேவைப்படும் இடத்தில் மட்டும் ஃபஸி தர்க்கத்தை வைத்தார்கள்: அரை மீட்டர் தள்ளி நிற்பது ‘நல்ல நிறுத்தம்’தானா, ஒரு நொடிக்கு முன் நாட்ச் மாற்றிவிட்டு இப்போது மறுபடி மாற்றுவது எவ்வளவு அசௌகரியம்? என் பார்வையில் இந்தத் திட்டத்தின் உயிர்நாடி இந்தப் பாகப்பிரிவினைதான்.

மதிப்பீட்டுக்கு எடுத்துக்கொண்ட அளவுகோல்கள் ஆறு: பாதுகாப்பு, பயணச் சௌகரியம், மின்சாரச் சிக்கனம், வேகத்தைப் பின்பற்றும் திறன், ஓட்ட நேரம், நிறுத்தத் துல்லியம். இவை ஒன்றோடொன்று மோதும். துல்லியம் வேண்டுமானால் நாட்சை அடிக்கடி மாற்ற வேண்டும், சௌகரியம் கெடும். நேரம் வேண்டுமானால் மின்சாரம் போகும். சென்டிமீட்டரையும் கிலோவாட்டையும் குலுக்கலையும் ஒரே தராசில் வைக்க ஒரு பொது அளவு வேண்டும். சுழியத்திலிருந்து ஒன்று வரையிலான ஃபஸி அளவு அந்த வேலையைச் செய்தது.

பாதுகாப்பைப் பொறுத்தவரை குழு எதையும் புதுமைக்கு விட்டுவைக்கவில்லை. முன்னால் போகும் ரயிலோடு மோதாமல் காக்கும் தானியங்கி ரயில் கட்டுப்பாடு தனி அமைப்பு. அனுமதித்த வேகத்தை ரயில் மீறினால் ஃபஸி கணினி என்ன நினைத்தாலும் பிரேக் விழும். இப்படிப் பிரித்து வைத்ததால்தான் யாரும் அதுவரை சோதித்திராத ஒரு முறையைப் பயணிகள் ரயிலில் ஏற்ற முடிந்தது. ஃபஸி விதிகள் எவ்வளவு மோசமாகத் தவறினாலும் விளைவு ஒரு குலுக்கலோ தள்ளி நிற்பதோதான். உயிருக்கு ஆபத்து இல்லை. இன்று தரவிலிருந்து தானே கற்கும் முறைகளை இயந்திரங்களில் பொருத்துகிறவர்களுக்கும் இந்தப் பிரிவினையை நான் முதலில் காட்டுவேன்.

ஓட்டுநரும் ரயிலில் இருந்தார். கதவை மூடிப் புறப்பாட்டுப் பொத்தானை அழுத்துவது அவர் வேலை. அதன்பிறகு அடுத்த நிலையம் வரை கணினி.

ஒரு நிறுத்தம், அருகிலிருந்து

இந்த முறை எப்படி முடிவெடுக்கிறது என்பதைக் காட்ட ஒரு கணக்கைப் போட்டுப் பார்க்கலாம். எண்கள் விளக்கத்துக்காக நான் எடுத்துக்கொண்டவை, தர்க்கம் அவர்களுடையது.

ரயில் நொடிக்கு 10 மீட்டர் வேகத்தில், அதாவது மணிக்கு 36 கிலோமீட்டரில், நிலையத்துக்குள் வருகிறது. நிறுத்தக் குறிக்கு 62 மீட்டர் இருக்கிறது. இப்போதைய பிரேக் நாட்ச் நொடிக்கு நொடி 0.8 மீட்டர் வேகத்தைக் குறைக்கிறது. இதே நாட்சில் விட்டால் ரயில் 62.5 மீட்டரில் நிற்கும். குறியை அரை மீட்டர் தாண்டும். ஒரு நாட்ச் கூட்டினால் வேகக் குறைப்பு 0.9 ஆகும் என்று கொள்வோம். அப்போது 55.6 மீட்டரிலேயே நின்றுவிடும், குறிக்கு 6.4 மீட்டர் முன்னால்.

சரியான நிறுத்தத்துக்கு மதிப்பு 1, ஒரு மீட்டர் தவறினால் 0 என்று ‘நல்ல நிறுத்தம்’ என்ற கணத்தை வரையறுப்போம். இப்போதைய நாட்சுக்கு 0.5 கிடைக்கிறது, கூட்டிய நாட்சுக்குச் சுழியம். ஆகவே கணினி எதையும் தொடுவதில்லை. அரை மீட்டர் தாண்டுவோம் என்று தெரிந்தும் பேசாமல் இருக்கிறது.

வேகம் 5 மீட்டராகக் குறையும்போது மறுபடி பார்க்கிறது. இன்னும் 15.1 மீட்டர் இருக்கிறது. இதே நாட்சில் 15.6 மீட்டர் போகும், அதே அரை மீட்டர் தவறு. ஒரு நாட்ச் கூட்டினால் 13.9 மீட்டரில் நிற்கும், 1.2 மீட்டர் முன்னால். இப்போதும் சும்மா இருப்பதே மேல்.

வேகம் 3 மீட்டர் ஆகிறது. மீதி 5.1 மீட்டர். இதே நாட்சில் 5.6, அரை மீட்டர் தவறு மாறவில்லை. கூட்டினால் சரியாக 5 மீட்டரில் நிற்கும். தவறு 12 சென்டிமீட்டர் அளவுதான். ‘நல்ல நிறுத்தம்’ மதிப்பு 0.88 ஆகிவிடுகிறது. நாட்சை மாற்றிப் பல நொடிகள் ஆகிவிட்டதால், இப்போது ஒரு முறை மாற்றுவதன் சௌகரிய மதிப்பு 0.8 என்று கொள்வோம். இரண்டில் சிறியதை எடுப்பது விதி, 0.8. சும்மா இருப்பதற்குக் கிடைப்பது 0.5. கணினி இப்போது ஒரே ஒரு நாட்ச் கூட்டுகிறது. ரயில் குறியை ஒட்டி நிற்கிறது.

இதே தருணத்தில், அரை நொடிக்கு முன்புதான் வேறொரு காரணத்துக்காக நாட்ச் மாறியிருந்தால் சௌகரிய மதிப்பு 0.3 ஆக இருந்திருக்கும். சிறியது 0.3. அப்போது 0.5 ஜெயிக்கும், அரை மீட்டர் தள்ளியே நிற்கலாம், பயணி குலுங்க வேண்டாம் என்ற முடிவு வரும். யாரும் ‘சௌகரியத்துக்கு இத்தனை சதவீதம், துல்லியத்துக்கு இத்தனை சதவீதம்’ என்று எழுதிவைக்கவில்லை. அந்தச் சமரசம் இடத்துக்கு இடம் தானாக அமைகிறது.

இலக்குக் கோட்டைத் துரத்தும் முறை 62 மீட்டரிலேயே வேலையைத் தொடங்கி, நாட்சை முன்னும் பின்னும் ஆட்டியிருக்கும். கைதேர்ந்த ஓட்டுநர் கடைசி ஐந்து மீட்டர் வரை பொறுத்திருப்பார்.

சோதனை

புதிய முறை என்பதால் அனுமதி எளிதில் கிடைக்கக்கூடியதாக இல்லை. பயணிகள் ஏறுவதற்கு முன் 3 லட்சத்துக்கும் மேற்பட்ட கணினிப் பாவனை ஓட்டங்களும், ஆளில்லாப் பெட்டிகளோடு சுமார் 3,000 உண்மை ஓட்டங்களும் நடத்தப்பட்டன என்று இத்திட்டம் பற்றிய பதிவுகள் கூறுகின்றன. ஃபஸி கட்டுப்பாட்டுக்கு அன்று நிலைத்தன்மைக்கான, அதாவது அது ஊசலாடிக் கட்டுமீறிப் போகாது என்பதற்கான, பொதுவான கணித நிரூபணம் இல்லை. கால்மன் போன்றவர்களின் மறுப்பின் வலுவும் இங்கேதான் இருந்தது. நிரூபணம் இல்லாத இடத்தைச் சோதனையால் நிரப்ப வேண்டியிருந்தது. இதைக் குழுவின் பலவீனமாக நான் பார்க்கவில்லை. நிரூபணம் இருந்திருந்தாலும் தேய்ந்த சக்கரத்தையும் பனி படிந்த தண்டவாளத்தையும் அது உள்ளடக்கியிருக்காது. ஓட்டிப் பார்த்தே ஆகவேண்டும்.

விளைவு

தடம் திறந்தபின் ரயிலின் மென்மை பரவலாகப் பேசப்பட்டது. நின்று பயணிப்பவர்கள் கைப்பிடி வளையத்தைப் பிடிக்காமலே நிற்க முடிகிறது என்று பத்திரிகைகள் எழுதின. நாட்ச் மாற்றங்கள் குறைந்தன, நிறுத்தத் துல்லியம் கூடியது, மின்சாரச் செலவு ஏறத்தாழ 10 சதவீதம் குறைந்தது என்று அறிக்கைகள் தெரிவித்தன. மூன்றும் ஒரே திசையில் நகர்ந்ததில் வியப்பில்லை. தேவையற்ற முடுக்கமும் தேவையற்ற பிரேக்கும்தான் மூன்றுக்கும் பொது எதிரி. அவற்றைக் குறைத்தால் மூன்றும் சேர்ந்தே சீராகும்.

நன்போக்கு திறந்த சில நாட்களில் டோக்கியோவில் ஃபஸி அமைப்புகளுக்கான பன்னாட்டுச் சங்கத்தின் இரண்டாவது மாநாடு கூடியது. ஓடிக்கொண்டிருக்கும் ஒரு ரயிலைக் காட்டி, ‘இதோ பாருங்கள்’ என்று சொல்லக்கூடிய நிலை அந்தத் துறைக்கு அதற்கு முன் வாய்த்ததில்லை. 1989இல் யோகோஹாமாவில் ஃபஸி பொறியியலுக்கென ஓர் ஆய்வகம் அரசு ஆதரவோடு தொடங்கப்பட்டது. 1990இல் மத்சுஷிடா நிறுவனம் ஃபஸி சலவை இயந்திரத்தை விற்பனைக்கு விட்டது. அந்த ஆண்டு ஜப்பானில் புதுச்சொல்லுக்கான விருதே ‘ஃபஸி’ என்ற சொல்லுக்குக் கிடைத்தது. தொடர்ந்து அரிசிக் குக்கர், வாக்குவம் கிளீனர், வீடியோ கேமரா என்று எல்லாவற்றிலும் அந்தப் பெயர் ஒட்டப்பட்டது.

செண்டாயின் வெற்றியிலிருந்து தவறான பாடம் பரவிய இடமும் இதுவே என்பது என் கருத்து. சலவை இயந்திரத்துக்கோ குக்கருக்கோ முன்கணிப்பு தேவைப்படவில்லை. சில உணரிகளும் நிலையைப் பார்த்து முடிவெடுக்கும் சில விதிகளும் போதும். அவை நன்றாகவே வேலை செய்தன, அதில் மறுப்பில்லை. ஆனால் பொதுமக்கள் மனத்திலும் பல பாடநூல்களிலும் ‘மங்கலான சொற்களைக் கணினிக்குப் புரியவைத்ததுதான் ரயிலை மென்மையாக்கியது’ என்று பதிந்துவிட்டது. செண்டாயில் கணினி ஒவ்வொரு ஆணையின் விளைவையும் முன்கூட்டி ஓட்டிப்பார்த்தது என்ற பாதி மறைந்துபோனது. ஃபஸி விதிகள் மட்டும் போதும் என்று நம்பி, நிலையையும் வித்தியாசத்தையும் பார்க்கும் விதிகளால் நிரப்பப்பட்ட எத்தனையோ மாணவர் திட்டங்களில் கடைசியில் கிடைப்பது, கொஞ்சம் வளைந்த ஒரு பி.ஐ.டி. கட்டுப்படுத்திதான்.

அமெரிக்க ஆய்வாளர் சார்ல்ஸ் எல்கன் 1993இல் இதே இடத்தை வேறு பக்கத்திலிருந்து தொட்டார். வெற்றிபெற்ற ஃபஸி கட்டுப்படுத்திகள் எல்லாம் விதி எண்ணிக்கையில் சிறியவை, ஒரு விதியின் முடிவு இன்னொரு விதிக்கு உள்ளீடாகப் போகும் சங்கிலி அவற்றில் இல்லை என்று அவர் காட்டினார். வெற்றிக்கு ஃபஸி தர்க்கம் மட்டும்தான் காரணமா என்று கேட்டார். துறையில் பலத்த விவாதம் எழுந்தது. செண்டாயைப் பொறுத்தவரை அவர் சொன்னதில் பாதி சரி: விதிகள் சில டஜன்களுக்குள் அடங்கின, சங்கிலி இல்லை. ஆனால் சிறியதாக இருந்தது ஒரு குறையா? ஒரு ஓட்டுநர் படித்துப் பார்த்து ‘ஆமாம், இப்படித்தான் ஓட்டுவேன்’ அல்லது ‘இந்த விதி தவறு’ என்று சொல்ல முடிந்தது, பட்டியல் சிறியதாக இருந்ததால்தான்.

இன்று செய்தால் மாறவேண்டியவை

முதலாவது, எந்தப் பகுதி எவ்வளவு பங்களித்தது என்பதைத் தனித்தனியே அளக்க வேண்டும். ஒப்பீடு பழைய பி.ஐ.டி. முறையோடு நடந்தது. முன்கணிப்பும் ஃபஸி மதிப்பீடும் ஒன்றாகவே வந்ததால் எது எதற்குக் காரணம் என்று பிரிக்க முடியவில்லை. அதே முன்கணிப்பை வைத்துக்கொண்டு, ஃபஸி அளவுகளுக்குப் பதில் சாதாரண எடைகள் போட்ட ஒரு செலவுக் கணக்கை வைத்து இன்னொரு ஓட்டம் நடத்தியிருந்தால், பின்னாளைய விவாதத்தின் பெரும்பகுதிக்கு விடை கிடைத்திருக்கும். அந்தக் கருவியும் அப்போது இல்லாமல் இல்லை. பிரான்ஸிலும் அமெரிக்காவிலும் பெட்ரோலிய ஆலைகளில் மாதிரி சார்ந்த முன்கணிப்புக் கட்டுப்பாடு 1970களின் இறுதியிலேயே பயன்பாட்டுக்கு வந்துவிட்டது. இரு குழுக்களும் கிட்டத்தட்ட ஒரே காலத்தில், ஒரே சிந்தனைக்கு வேறுவேறு வாசல் வழியாக வந்திருக்கின்றன.

இரண்டாவது, முன்கணிப்பின் ஆதாரமான மாதிரி, அதாவது ரயிலின் இயக்கச் சமன்பாடு. ரயிலின் எடை, பிரேக்கின் வலு, சக்கரத்தின் விட்டம் எல்லாம் காலப்போக்கில் மாறும். சக்கரம் தேய்ந்தால் ஒரு சுற்றில் கடக்கும் தூரமே குறைந்துவிடும். தூரக் கணக்கு பிழையானால் மேலே போட்ட கணக்கு அத்தனையும் பிழைக்கும். தண்டவாளத்தோரக் குறிகளைக் கடக்கும்போது தூரத்தைத் திருத்திக்கொள்வது தெரிந்த வழி. இன்று ஒவ்வொரு நிறுத்தத்தின் முடிவிலும், கணித்த இடத்துக்கும் நின்ற இடத்துக்கும் உள்ள வித்தியாசத்தைச் சேமித்து, அந்தந்த ரயிலுக்கான பிரேக் மாதிரியைத் தானே திருத்திக்கொள்ளும்படி செய்வேன். விதிகளைத் தொட மாட்டேன். அவை ஓட்டுநரின் நோக்கங்கள், சக்கரம் தேய்வதால் அவை மாறுவதில்லை.

மூன்றாவது, நிலைத்தன்மை. தகாகி, சுகேனோ என்ற இரு ஜப்பானிய ஆய்வாளர்கள் 1985இல் முன்வைத்த மாதிரியின் வழியாக, 1990களில் ஃபஸி கட்டுப்பாட்டுக்கு நிலைத்தன்மை ஆய்வு செய்யும் முறைகள் வந்துவிட்டன. இன்று அனுமதி கேட்கப் போகிறவர் சோதனை ஓட்டங்களின் எண்ணிக்கையோடு அதையும் கொண்டுபோக வேண்டும்.

‘நல்ல நிறுத்தம்’, ‘மோசமான சௌகரியம்’ ஆகியவற்றின் எல்லைகளை யார், எந்த ஆதாரத்தில் நிர்ணயித்தார்கள் என்பதும் எழுதிவைக்கப்பட வேண்டும். அரை மீட்டருக்கு 0.5 என்பது இயற்கை விதி அன்று. யாரோ ஒருவர் எடுத்த முடிவு. நடைமேடைக் கதவுகள் இல்லாத நிலையத்தில் அரை மீட்டர் பிசகு பெரிதாகத் தெரியாது. கதவுகள் பொருத்தப்பட்ட பிறகு அதே அரை மீட்டர், சக்கர நாற்காலியில் வருபவருக்கு வழியை அடைத்துவிடும். நன்போக்கு நிலையங்களில் பின்னாளில் அப்படிப்பட்ட கதவுகள் வந்தும்விட்டன. எண்ணின் காரணம் பதிவாகியிருந்தால், நிலைமை மாறும்போது அந்த எண்ணையும் மாற்ற வேண்டும் என்பது அடுத்து வரும் பொறியாளருக்குத் தெரியும். காரணம் இல்லாத எண் அப்படியே நின்றுவிடும், அதைத் தொட யாருக்கும் துணிவு வராது.